தாழ்வாரத்தில் நின்ற அரசாங்கம்

வில்ஃப் ஆக்ராய்ட் அரசியலுக்கு வந்தது ஒரு தீவனப் பெட்டியால்.

கோர்வே தீவின் துறைமுகத்தில் தினமும் ஏறி இறங்கும் கடல் வற்றிவிட்டால் படகு படிக்கட்டை ஒட்டி வராது. சுவரில் அறைந்திருக்கும் இரும்பு ஏணியில் இறங்கி, படகுக்குள் குதிக்க வேண்டும். குதிக்க முடியாதவர்களை மாட்டுத் தீவனம் வந்திறங்கும் மரப்பெட்டியில் நிற்கவைத்து, கிரேனால் தூக்கி, தபால் மூட்டைகளோடு கீழே இறக்குவார்கள். கன்றுக்குட்டிகள், பியானோ, பாதிரியார் எல்லோரும் அப்படி இறங்கியவர்கள்தான். யாரும் குறை சொன்னதில்லை. கன்றுக்குட்டி மட்டும் கொஞ்சம் கத்தும்.

வில்ஃபின் மனைவி கொலெட்டுக்குச் சிறுநீரகம் பழுதானபோது, வாரத்தில் மூன்று நாள் பெரிய தீவின் ஆஸ்பத்திரிக்கு டயாலிசிஸுக்குப் போகவேண்டி வந்தது. நோயாளியின் வசதி பார்த்துக் கடல் ஏறி இறங்குவதில்லை. ஒரு நவம்பர் காலையில் கிரேன் பாதியில் நின்றுவிட்டது. கொலெட் பெட்டியோடு அந்தரத்தில் தொங்கினாள். ஆலங்கட்டி மழை அடித்தது.

கிரேனை ஓட்டிக்கொண்டிருந்தவன் கிளெம் டாஸ்டெவின். கொலெட்டின் பெரியப்பா மகன். "அக்கா, கீழ பாக்காத!" என்று கத்தினான்.

"மேல பாத்தா மட்டும் என்னடா இருக்கு? உன் துருப்பிடிச்ச கொக்கிதான் இருக்கு!"

படகில் நின்றுகொண்டு வில்ஃப் அண்ணாந்து பார்த்தார். அவள் காலில் போட்டிருந்த செருப்பின் அடிப்பாகம் தெரிந்தது. ஒரு மனிதன் தன் மனைவியை அந்தக் கோணத்தில் பார்க்கக்கூடாது என்று அவருக்குத் தோன்றியது. ஏன் என்று சொல்லத் தெரியவில்லை.

ஆஸ்பத்திரியிலிருந்து திரும்பி வரும்போது கொலெட் சொன்னாள்: "வில்ஃப், நான் நடந்து போய்ப் படகுல ஏறணும். அவ்வளவுதான் கேக்குறேன். மிதக்குற மேடை ஒண்ணு. தண்ணி ஏறினா ஏறும், இறங்கினா இறங்கும். எல்லா ஊர்லயும் வச்சிருக்காங்க."

வில்ஃப் அந்தத் தீவில் பிறந்தவர் இல்லை. யார்க்‌ஷயரிலிருந்து கலங்கரை விளக்கத்துக்குப் பெயின்ட் அடிக்க வந்தவர். கொலெட்டைப் பார்த்தார், திரும்பிப் போகவில்லை. அதிகம் பேசமாட்டார். பெயின்ட் அடிப்பவனுக்குப் பேச்சு தேவைப்படுவதில்லை. சுவர் பதில் கேட்காது. அப்பேர்ப்பட்டவர் அந்த வருடம் பேரவைத் தேர்தலில் நின்றார். பன்னிரண்டு இடங்கள். அவரையும் சேர்த்துப் பன்னிரண்டு பேர் மனு கொடுத்திருந்தார்கள். ஒரு வாக்குகூட வாங்காமல் வெற்றி பெற்றார்.

"வாழ்த்துகள் மச்சான்," என்று கிளெம் கையைக் குலுக்கினான். அவனும் உறுப்பினன்தான். "நாங்க பதினோரு பேர் எப்படியோ மாட்டிக்கிட்டோம். பன்னெண்டாவதா எவன் சிக்குவான்னு தேடிக்கிட்டு இருந்தோம்."

முதல் கூட்டத்திலேயே வில்ஃப் மிதவை மேடைத் தீர்மானத்தைக் கொண்டுவந்தார். பேரவைத் தலைவர் எதியன் பெர்ச்சார்ட் மூக்குக்கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு, "இந்தத் தீர்மானத்தால் யாருக்கு நன்மை?" என்று கேட்டார்.

"எல்லாருக்கும்தான்," என்றார் வில்ஃப்.

"அப்படியானால் எல்லோரும் தயவுசெய்து வெளியே போகவும்."

நாற்காலிகள் பின்னால் நகரும் சத்தம் கேட்டது. பதினோரு பேரும் எழுந்து தாழ்வாரத்துக்குப் போனார்கள். வில்ஃப் மட்டும் உட்கார்ந்திருந்தார். பேரவைச் செயலர் மிஸ் வோடின் குனிந்து காதில் சொன்னாள்: "நீங்களும்தான் மிஸ்டர் ஆக்ராய்ட். உங்க மனைவிக்கு நன்மை இருக்குல்ல?"

அதுதான் விலகல் சட்டம். முன்னொரு காலத்தில் ஓர் உறுப்பினர் தம் வீட்டு வாசல்வரை அரசாங்கத் தார் போட்டுக்கொண்டார். ஊர் சிரித்தது. அக்கரைப் பெருநிலத்திலிருந்து வல்லுநர் ஒருவர் வரவழைக்கப்பட்டார். கோடிக்கணக்கான மக்கள் வாழும் நாடுகளுக்குச் சட்டம் எழுதிக்கொடுத்தவர். அவர் எழுதினார்: 'எவருடைய வாழ்க்கைத்துணையோ, நான்கு தலைமுறைக்குட்பட்ட இரத்த உறவோ ஒரு தீர்மானத்தால் நன்மையடையக்கூடுமோ, அவர் அவையை விட்டு வெளியேறித் தாழ்வாரத்தில் நிற்கக் கடவர். எஞ்சியிருப்போரே சபை.' எழுதிக் கொடுத்துவிட்டு அடுத்த படகில் போய்விட்டார். கோர்வேயில் அறுநூறு பேர். அவர்களுடைய கொள்ளுத்தாத்தாக்களை ஒரே மேசையில் உட்காரவைத்து விருந்து போடலாம் என்பதை அவரிடம் யாரும் சொல்லவில்லை. வல்லுநரிடம் சொந்த விஷயம் பேசுவது அங்கே வழக்கமில்லை.

தாழ்வாரத்தில் பெஞ்சு இருந்தது, கெட்டில் இருந்தது, சின்ன ஹீட்டர் ஒன்றும் இருந்தது. யாரோ பிஸ்கட் டப்பாவைத் திறந்தார்கள். உள்ளே ஓட்டில்லாத தலைவரும் ஓட்டில்லாத செயலரும் மட்டும். கொஞ்ச நேரத்தில் கதவு திறந்தது.

"ஆதரிப்பாரும் எதிர்ப்பாரும் இல்லாமையால், மிதவை மேடை ஒத்திவைக்கப்பட்டது," என்று அறிவித்தார் பெர்ச்சார்ட். பிறகு குரலைத் தாழ்த்தி, "டீ இருக்கா?" என்றார்.

அடுத்த தீர்மானம், மேற்குக் குன்றில் ஆடு மேய்ப்பது பற்றி. எல்லோரும் மறுபடி எழுந்தார்கள். வில்ஃபும் பழக்கதோஷத்தில் எழுந்தார்.

"நீங்க உக்காருங்க," என்றாள் மிஸ் வோடின். "உங்களுக்கு இங்க ஆடும் இல்ல, சொந்தக்காரனும் இல்ல."

இப்படித்தான் அவருடைய அரசியல் வாழ்க்கை தொடங்கியது.

"தீர்மானம் முன்மொழியப்பட்டிருக்கிறது," என்றார் தலைவர், வெற்று நாற்காலிகளைப் பார்த்து. "வழிமொழிபவர் உண்டா?"

வில்ஃப் சுற்றுமுற்றும் பார்த்தார். "நானா?"

"இருப்பவர் நீங்கள் ஒருவர்தான், முன்மொழிந்தவரும் நீங்களே. முன்மொழிந்தவரே வழிமொழிய முடியாது. அடுத்த நாற்காலிக்குப் போய்ச் சொல்லுங்கள்."

போனார். சொன்னார். மிஸ் வோடின் மறுபடி குனிந்தாள். "எதிர்ப்பே இல்லாம நிறைவேறினா சர்வாதிகாரம்னு பேசுவாங்க. எதிர்ப்பக்கம் போய் ரெண்டு வார்த்தை பேசிட்டு வந்துருங்களேன்."

மேசையைச் சுற்றிக்கொண்டு எதிர்ப்பக்கம் போய், ஆடுகள் புல்லைத் தின்றுவிடும் என்று இரண்டு வார்த்தை பேசினார். தலைவர் உடனே மணியடித்தார். "முன்மொழிந்த உறுப்பினர் பதில் சொல்ல விரும்புகிறாரா?" வில்ஃப் திரும்பி இந்தப் பக்கம் ஓடிவந்து, ஆடுகள் தின்னத்தான் புல் இருக்கிறது என்றார். தீர்மானம் ஒன்றுக்குப் பூஜ்யம் என்ற கணக்கில் நிறைவேறியது.

காலப்போக்கில் அவர் இதில் தேறினார். எதிர்ப்பக்கம் நிற்கும்போது குரல் மாறியது. சொந்த வாதத்தின் ஓட்டைகள் அவருக்கு மற்ற எவரையும்விட நன்றாகத் தெரிந்திருந்தன. பள்ளிக்கூட வழியில் விளக்குப் போடும் தீர்மானத்தில் தமக்கு எதிராக அவர் ஆற்றிய உரை அவ்வளவு பலமாக அமைந்துவிட்டதால், ஓட்டெடுப்பில் அவரே எதிர்த்து வாக்களித்தார். தீர்மானம் தோற்றது. பள்ளிக்கூடம் போகும் பிள்ளைகள் இன்றுவரை டார்ச் எடுத்துப்போகிறார்கள்.

தாழ்வாரத்தில் கோட்டு மாட்ட ஆணி இல்லை என்று உறுப்பினர்கள் மனுக் கொடுத்தார்கள். கோட்டு வைத்திருக்கும் எல்லோருக்கும் அதில் நன்மை இருந்தது. வில்ஃபிடமும் ஒரு கோட்டு இருந்தது. யோசித்துப் பார்த்துத் தலைவர் ஒரு வழி கண்டுபிடித்தார்: அந்த ஆணிகளில் தம் கோட்டை ஒருபோதும் மாட்டுவதில்லை என்று வில்ஃப் பைபிள்மேல் கைவைத்துச் சத்தியம் செய்தார். ஆணிகள் வந்தன. அன்றுமுதல் மழைக்காலம் முழுக்க ஈரக் கோட்டை மடியில் போட்டுக்கொண்டு ஆட்சி செய்தார். மூக்கு எப்போதும் ஒழுகிக்கொண்டிருக்கும்.

சாலைக் குழு, மீன்வளக் குழு, கல்லறைக் குழு, நிதிக் குழு என்று ஒவ்வொன்றும் அவர் தலையில் வந்து விழுந்தது. கடைசியில், அறைக்குள் இருக்கக்கூடியவர்தானே முதன்மை அமைச்சராக இருக்கமுடியும் என்று தாழ்வாரம் ஒருமனதாகக் கருதியது. முதன்மை அமைச்சர் ஆனார். தீவில் டிராக்டர் ஓட்டுவதிலிருந்து தேவாலய மணி அடிப்பது வரை அவர் வைத்ததுதான் சட்டம். மிதவை மேடையைத் தவிர. அது ஒவ்வொரு கூட்டத்திலும் வந்தது. ஒவ்வொரு கூட்டத்திலும் அவரும் மற்றவர்களோடு வெளியே போய் நின்றார். ஆண்டுமுழுக்க அவர் பிஸ்கட் சாப்பிடும் சந்தர்ப்பம் அது ஒன்றுதான்.

மதுக்கடைக்குப் போனால் பேச்சு நின்றுவிடும். "ராஜா வந்துட்டாருய்யா, எழுந்திரிங்க," என்பான் யாராவது ஒருவன்.

"மச்சான்," என்றான் கிளெம் ஒருநாள், "நாங்க கெட்டில்ல தண்ணி கொதிக்கவைக்கிறதுக்குள்ள நாலு சட்டம் போட்டுட்டீங்களாமே. எங்க தாத்தன் பூட்டன் எல்லாம் சேர்ந்து நானூறு வருசத்துல போடல அத்தனை."

"நீங்க யாராவது ஒருத்தர் உள்ள இருங்களேன், கிளெம். நான் வேண்டாம்னா சொல்றேன்?"

"எப்படி இருக்கிறது? ஊர்ல எல்லாரும் சொந்தம்." கிளெம் கிளாஸைப் பார்த்துக்கொண்டே யோசித்தான். "சொந்தக்காரனுக்கு எதிரா ஓட்டுப் போட்டா கிறிஸ்துமஸுக்கு எங்க போறது? சட்டம் நல்ல சட்டம்தான் மச்சான். திட்டு வாங்க நீங்க இருக்கீங்க."

அந்த வருடம் தூய்மையான ஆட்சிக்கான விருது கோர்வேக்குக் கிடைத்தது. கொடுக்க வந்த அக்கரைப் பிரமுகரைப் படகில் கடல் வற்றியிருந்த நேரத்தில் கொண்டுவந்தார்கள். தீவனப் பெட்டியில் ஏறி வந்து இறங்கி, தலைமுடியைச் சரிசெய்துகொண்டு, அவர் மனம் நெகிழ்ந்து பேசினார்.

"எங்கள் நாட்டில் ஊழலை ஒழிக்க எவ்வளவோ முயன்றோம், முடியவில்லை. காரணம், நாங்கள் முடிவுகளை எடுத்துக்கொண்டே இருந்தோம். நீங்கள் நோயின் வேரையே பிடுங்கிவிட்டீர்கள். இந்தத் தீவில் எந்த உறுப்பினரும் தமக்கு வேண்டிய எதையும் செய்துகொண்டதில்லை. மக்களுக்கு வேண்டியதையும் செய்ததில்லை, ஏனென்றால் அந்த மக்கள் அவருடைய மக்கள். இதைவிடத் தூய்மை எங்கே இருக்க முடியும்? அவையைப் பார்த்தேன். காலியாக இருந்தது. மாசு மறுவற்றிருந்தது."

தாழ்வாரம் கைதட்டியது. பிரமுகரைப் பெட்டியில் ஏற்றி அனுப்பிவைத்தார்கள்.

கொலெட் மெலிந்துகொண்டே வந்தாள். பெட்டியில் நிற்கும்போது இரண்டு கையாலும் கயிற்றைப் பிடித்துக்கொண்டிருப்பவள், இப்போது தபால் மூட்டையின்மேல் உட்கார்ந்துகொண்டாள். அடுத்த குளிர்காலத்தை இப்படித் தாங்கமாட்டாள் என்றார் டாக்டர். மேடை வரவேண்டும், இல்லையென்றால் அவள் பெரிய தீவிலேயே ஆஸ்பத்திரிப் பக்கம் குடியேறிவிட வேண்டும்.

சட்ட ஆலோசகர் பென்ஃபோல்ட் அக்கரையில் இருந்தார். திரையில்தான் தோன்றுவார். எப்போதும் பின்னால் ஒரு தொட்டிச்செடி.

"உங்களுக்கு ரெண்டு வழி இருக்கு மிஸ்டர் ஆக்ராய்ட்," என்றார் கனிவாக. "அந்த மேடை அவங்களுக்குத் தேவைப்படாம போகணும். இல்லன்னா, அவங்க உங்க மனைவியா இல்லாம போகணும்."

வீட்டுக்கு வந்து கொலெட்டிடம் சொன்னார். அவள் உருளைக்கிழங்கை நறுக்குவதை நிறுத்தவில்லை.

"முதல் வழி எனக்குப் பிடிக்கல. ரெண்டாவது தேவலாம். ஆனா இந்தத் தீவுல விவாகரத்துன்னா சபை தீர்மானம் போடணுமே."

"அதுக்கு நான் வெளிய போகணும்."

"எல்லாரும்தான் வெளிய போகணும்."

இரண்டு பேரும் சிரித்தார்கள். வெகுநேரம் சிரித்தார்கள். பிறகு நிறுத்திவிட்டார்கள். அடுப்பில் தண்ணீர் கொதிக்கும் சத்தம் மட்டும் இருந்தது.

"நான் போறேன்," என்றாள் அவள். "அங்கயே போய் இருந்துக்கிறேன். நான் இந்த ஊர்ல இல்லன்னா எனக்கு நன்மை இல்ல. நீ உள்ள உக்காந்து ஓட்டுப் போடலாம். மேடை வரட்டும். அப்புறம் பாத்துக்கலாம்."

செப்டம்பரில் போனாள். கிளெம் கிரேனை அவ்வளவு மெதுவாக இறக்கினான், படகுக்காரர்கள் திட்டினார்கள்.

அந்த மாதக் கூட்டத்தில் மிதவை மேடைக்காகப் பதினோரு பேர் எழுந்து வெளியே போனார்கள். வில்ஃப் முதல்முறையாக உட்கார்ந்தபடி இருந்தார். முன்மொழிந்தார். நகர்ந்து உட்கார்ந்து வழிமொழிந்தார். எதிர்ப்பக்கம் போய் நின்றார். மிஸ் வோடின் பேனாவோடு காத்திருந்தாள். கடிகாரம் ஓடியது. ஜன்னலுக்கு வெளியே கடற்காக்கைகள் எதற்கோ அடித்துக்கொண்டிருந்தன.

"எதிர்க்கறதுக்கு ஒண்ணும் இல்ல," என்றார் கடைசியில். தீர்மானம் நிறைவேறியது.

பென்ஃபோல்ட் திரையில் தோன்றி, சந்தேகம் வரக்கூடாது என்பதற்காக ஒரு நிபந்தனை சேர்த்தார்: வாக்களித்தவரின் உறவினர் எவராவது அந்த மேடையில் கால்வைத்தால் தீர்மானம் செல்லாது, மேடை கழற்றப்படும்.

வசந்தத்தில் மேடை வந்தது. நீளமாக, சாம்பல் நிறத்தில், இரண்டு பக்கமும் கைப்பிடிக் கம்பிகளோடு. வில்ஃப் நாடா வெட்டினார். மேடையில் ஏறவில்லை.

"எப்படி இருக்கு உன் மேடை?" என்று போனில் கேட்டாள் கொலெட்.

"நல்லா இருக்கு. ஏறுது, இறங்குது."

"யாரு போறா அதுல?"

"நேத்து ஒரு கன்னுக்குட்டி போச்சு. கத்தவே இல்ல."

அவளுடைய அறையின் ஜன்னலில் கார் நிறுத்துமிடம் தெரியும் என்று முன்பே சொல்லியிருந்தாள். எல்லாம் சமதரை. எங்கே வேண்டுமானாலும் நடந்து போகலாம். போவதற்கு ஓரிடம்தான் இல்லை. இருவரும் ரிசீவரைக் காதில் வைத்தபடி இருந்தார்கள். கட்டணம் ஓடிக்கொண்டிருந்தது.

ஜூலையில் ஒருநாள், கடல் அடியோடு வற்றியிருந்த மத்தியானத்தில், கொலெட் படகிலிருந்து இறங்கி, கைப்பிடிக் கம்பியைப் பிடித்துக்கொண்டு, மேடைமேல் நடந்து கரைக்கு வந்தாள். கையில் ஒரு பெட்டி, ஒரு தொப்பி. துறைமுகத்தில் இருந்த அத்தனை பேரும் சட்டென்று வானத்தைப் பார்த்தார்கள்.

"நான் எதையும் பாக்கல," என்று கிளெம் சத்தமாக, மேகத்தைப் பார்த்துச் சொன்னான். "அக்கா, அந்தப் பலகை கொஞ்சம் வழுக்கும், பாத்து வா."

வீட்டில் வில்ஃப் டீ போட்டார். அவள் தன் நாற்காலியில் உட்கார்ந்து, சமையலறையை ஒவ்வொரு மூலையாகப் பார்த்தாள். "சுவத்துக்குப் பெயின்ட் அடிக்கணும்," என்றாள். "மந்திரி வீடாம்."

வாரத்தில் மூன்று நாள் அவள் நடந்து போனாள், நடந்து வந்தாள். ஊர் மேகம் பார்த்தது. ஆகஸ்டில் பென்ஃபோல்ட் வழக்கமான அரையாண்டுக் கேள்விகளைக் கேட்டார். மேடையை உறவினர் எவரும் பயன்படுத்தவில்லைதானே?

"இல்லை" என்று சொல்லத்தான் வில்ஃப் வாயைத் திறந்தார். ஆனால் இத்தனை ஆண்டுகளாக, ஒன்றைச் சொன்னதும் எழுந்து எதிர்ப்பக்கம் போய்ப் பழகியிருந்தார். அவருக்குள்ளே யாரோ மேசையைச் சுற்றிக்கொண்டு போனார்கள். "என் மனைவி," என்றார். "தினமும் இல்ல. வாரத்துல மூணு நாள்."

தொட்டிச்செடிக்கு முன்னால் பென்ஃபோல்ட் வருத்தத்தோடு குறித்துக்கொண்டார்.

"நீயா சொன்ன?" என்று கேட்டாள் கொலெட்.

"கேட்டாங்க."

அவள் அதற்குமேல் எதுவும் பேசவில்லை. அன்றைக்கும் பேசவில்லை, மறுநாளும் பேசவில்லை. அவருக்கு எதிராகப் பேச அவர் ஒருவரே போதும் என்று நினைத்திருக்கலாம்.

விசாரணைநாளில் மழை. புகார் உறுதியானால் மேடையைக் கழற்றிவிடுவார்கள். கொலெட் கார் நிறுத்துமிடத்துக்குத் திரும்பிப் போகவேண்டியதுதான். புகார் சொல்லப்பட்டவர் கடைசிவரை அவையில் இருக்கவேண்டும் என்பது விதி. நடுவில் போட்ட நாற்காலியில் மழைத்தொப்பியோடு உட்கார்ந்திருந்தாள். திரையில் பென்ஃபோல்ட் புகாரை வாசித்தார்.

"இது தனிப்பட்ட விரோதம் இல்லை என்பதைச் சபை அறியும்," என்று முடித்தார். "அந்த அம்மையார் நடந்துபோனதில் யாருக்கும் எந்தத் தீங்கும் நேரவில்லை. அதுவே கவலைக்குரியது. தீங்கில்லாத ஒன்றை அனுமதித்தால், சட்டம் எதற்கு என்று மக்கள் கேட்கத் தொடங்குவார்கள்."

புகார் கொடுத்தவர் தீர்ப்பின்போது இருக்கக்கூடாது. மிஸ் வோடின் திரையை அணைத்தாள்.

"புகார் சொல்லப்பட்டவருக்கு உறவானவர்கள் வெளியே போகவும்," என்றார் பெர்ச்சார்ட். பதினோரு பேர் எழுந்தார்கள். வில்ஃப் எழுந்தார், கணவர் என்பதால். கடைசியில், கொஞ்சம் யோசித்துவிட்டு, பெர்ச்சார்டும் எழுந்தார். விசாரணையில் தலைவர்தான் நீதிபதி. அவர் கொலெட்டின் தாய்மாமன்.

"குடையை எடுத்துக்கிட்டுப் போங்க மாமா," என்றாள் கொலெட். "சாரல் அடிக்குது."

பதின்மூன்று பேருக்குத் தாழ்வாரத்தில் இடம் போதவில்லை. வில்ஃப் ஓரமாக, பாதி உடம்பு மழையில் நனைய நின்றார். ஆணியில் மாட்ட முடியாத கோட்டு உடம்பிலேயே இருந்தது. மரக்கதவு ஈரத்தில் உப்பிப்போய்ச் சரியாக மூடாது. உள்ளே பேசுவது நன்றாகக் கேட்டது. ஆனால் யாரும் பேசவில்லை. கெட்டில் கொதித்து அடங்கியது. யாரும் கோப்பையை எடுக்கவில்லை. கிளெம் வாயில் போட்ட பிஸ்கட்டைக் கடிக்காமல் வைத்திருந்தான்.

ரொம்ப நேரம் கழித்து மிஸ் வோடினின் குரல் கேட்டது.

"எஞ்சியிருப்போரே சபைன்னு போட்டிருக்கு, கொலெட். உறுப்பினர்னு போடல."

"நீ இருக்கியே?"

"நான் எழுதறவ. நான் கணக்குல வரமாட்டேன்."

"அப்ப?"

"நீதான் சபை."

வில்ஃப் கண்ணை மூடிக்கொண்டார். எதிர்ப்பக்கம் போய்ப் பேச அங்கே யாரும் இல்லை என்பது அவருக்கு நினைவு வந்தது. அவள் ஒரே நாற்காலியில்தான் உட்கார்ந்திருப்பாள்.

"சபை என்ன சொல்லுது?" என்று கேட்டாள் மிஸ் வோடின். பேனா மூடி திறக்கும் சத்தம் கேட்டது.

"சபைக்கு அசதியா இருக்கு," என்றாள் கொலெட். "வீட்டுக்குப் போகணும். மேடை எங்கயும் போகாது, அங்கயே இருக்கட்டும்."

எழுதும் சத்தம். முத்திரை குத்தும் சத்தம். தாழ்வாரத்தில் யாரோ மூச்சை விட்டார்கள். பெர்ச்சார்ட் குடையை மடக்கினார். கதவுக்குப் பக்கத்தில் நின்றவன் கைப்பிடியில் கைவைத்தான்.

"அவங்களை உள்ள கூப்பிடட்டுமா?"

நாற்காலி கிறீச்சிட்டது. கொலெட் காலை நீட்டிக்கொண்டிருக்க வேண்டும்.

"வேண்டாம். கொஞ்ச நேரம் நிக்கட்டும்."

நின்றார்கள்.